ஆடுற நாற்காலியும் அவசர ஆணியும்: வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல "வீட்ல ஆடுற மேஜை, நாற்காலி, கட்டில் எதுவா இருந்தாலும் எழுதுங்க"ன்னு கடைசியில ஒரு வரிதான் போட்டேன். லெட்டரும் வாட்ஸ்அப்புமா வந்து குமிஞ்சிடுச்சு. ஆசாரி வீட்டுப் பொண்ணு நான், பள்ளிக்கூடம் விட்டு வந்தா அப்பா பட்டறைல இழைப்புச் சுருள் மேலதான் உக்காந்து வீட்டுப்பாடம் எழுதுவேன், அதனால இந்த மாதிரி லெட்டர் வந்தா எனக்கு ஒரு தனி குஷி. எல்லாத்துக்கும் பதில் சொல்ல இடம் இல்லைங்க, ஒரே மாதிரி கேள்விகளை ஒண்ணா சேத்துட்டேன்.

அக்கா, புது வீட்டுக்குக் குடி வந்து மூணு மாசம் ஆச்சு. சதுரமான டைனிங் டேபிள், நாலு கால். ஒரு ஓரத்துல கை வெச்சா டக்கு டக்குன்னு ஆடுது, சாம்பார் தளும்புது. அவர் தினமும் பேப்பரை மடிச்சு சொருகிட்டே இருந்தார், இப்ப வெறுத்துப்போய் இந்த ஞாயித்துக்கிழமை ஒரு காலை லேசா அறுத்துடறேன்னு ரம்பம் வாங்கி வெச்சிருக்கார். அறுக்கலாமா? (வாசகி, கும்பகோணம்)

முதல்ல அந்த ரம்பத்தை எடுத்து ஒளிச்சு வைங்க, மீதியை அப்புறம் பேசலாம்.

பழைய வீட்ல இந்த டேபிள் ஆடலைன்னா சந்தேகம் தரை மேலதான் வரணும். டேபிளைத் தூக்கி ஹால்ல ரெண்டு இடம், பெட்ரூம்ல ஒரு இடம்னு வெச்சுப் பாருங்க, ஆனா அதுக்கு முன்னாடி ஆடுற கால்ல சாக்பீஸால ஒரு கோடு போட்டுக்கோங்க. எங்க வெச்சாலும் அதே கால் ஆடுச்சுன்னா டேபிள்ல கோளாறு. இடத்துக்கு இடம் மாறுச்சுன்னா, இல்ல சில இடத்துல ஆடவே இல்லைன்னா, தரைலதான் கோளாறு. பால்கனி, வாசல், தண்ணி விட்டுக் கழுவுற இடமெல்லாம் மேஸ்திரி வேணும்னே வாட்டம் குடுத்துத்தான் போட்டிருப்பார், அங்க டேபிளைப் போட்டுட்டு டேபிளைத் திட்டக் கூடாது.

இப்ப அறுக்கிற விஷயம். நாலு கால் டேபிள் ஆடும்போது கவனிச்சுப் பாருங்க, எதிரெதிர் மூலைல இருக்கிற ரெண்டு கால்தான் மாத்தி மாத்தித் தூக்கும், மத்த ரெண்டு மூலையும் கம்முனு தரையில நிக்கும். பாக்கிறவங்களுக்கு ஆடுற கால்தான் தப்பு பண்ற மாதிரி தோணும், அதைப் புடிச்சு அறுப்பாங்க. ஆனா ஆடுற ஜோடிதான் குட்டை, அசையாம நிக்கிற ஜோடிதான் நெட்டை. குட்டையா இருக்கிறதை இன்னும் குட்டையாக்கினா ஆட்டம் கூடத்தானே செய்யும்? அப்படி ஒருத்தர் எங்க அப்பா பட்டறைக்கு ஒரு ஸ்டூலைக் கொண்டு வந்தார், மாத்தி மாத்தி நாலு காலையும் அறுத்து அறுத்து அது கணுக்கால் உயரத்துக்கு வந்துடுச்சு. அப்பா சிரிக்கவே இல்ல. "பேசாம மணையா வெச்சுக்கோங்க, பூஜைக்கு உக்கார நல்லாருக்கும்"னு சொல்லி அனுப்பிட்டார்.

தரைதான் காரணம்னா காசில்லாத வைத்தியம் ஒண்ணு இருக்கு. டேபிளை இருக்கிற இடத்துலயே கொஞ்சம் கொஞ்சமா சுத்துங்க. கால் நாலும் ஒரே நீளமா இருந்து, தரை படி மாதிரி திடீர்னு ஏறி இறங்காம இருந்தா, வட்டத்துல கால்வாசி சுத்தறதுக்குள்ள எங்கயாவது ஒரு இடத்துல நாலு காலும் தரையைத் தொட்டு நின்னுடும். இது நான் சொல்ற கதை இல்லைங்க, கணக்குக்காரங்க நிரூபிச்சது. சுவிட்சர்லாந்துல செர்ன்னு ஒரு பெரிய ஆராய்ச்சிக்கூடம் இருக்கில்ல, அங்க வேலை பாத்த ஆந்த்ரே மார்ட்டின்ங்கிற இயற்பியல்காரர் 2005-ல நாலு கால் மேஜைக்குன்னே ஒரு கட்டுரை எழுதியிருக்கார். ஒண்ணு மட்டும் ஞாபகம் வெச்சுக்கோங்க, ஆட்டம்தான் நிக்கும், மட்டம் வரும்னு சொல்ல முடியாது, தட்டுல ரசம் ஒரு பக்கமா ஒதுங்கத்தான் செய்யும்.

டேபிளே கோளாறுன்னா, வீட்லயே சமமான இடம் கிச்சன் கிரானைட் மேடைதான், ஆனா அதுல டேபிளைத் தூக்கி வைக்க முடியாது, அதனால ஹால்ல ரசமட்டம் வெச்சு நல்ல மட்டமா ஒரு இடம் பாத்து நிறுத்துங்க. ஆடுற ஜோடில ஏதாவது ஒரு காலுக்கு அடியில விசிட்டிங் கார்டு ஒவ்வொண்ணா சொருகுங்க, எத்தனை கார்டுல ஆட்டம் நிக்குதோ அந்தக் கனம்தான் உங்க குறை. ஒரே ஒரு காலுக்குக் குடுத்தா போதும், ரெண்டுக்கும் வேண்டாம். அந்தக் கனத்துக்குப் பழைய ஹவாய் செருப்பு ரப்பரை கால் அளவுக்கு வெட்டி ஒட்டிடுங்க. பேப்பர் ஏன் நிக்கலைன்னா தினமும் மாப் போடுறீங்க இல்ல, ஈரம் பட்டு ஊறி நசுங்கிடும். ஹார்டுவேர் கடையில திருகினா ஏறி இறங்கிற கால் புஷ் இருக்கு, நாலு வாங்கி மாட்டிட்டா அடுத்த வீடு மாறும்போதும் கவலை இல்ல.

தங்கச்சி, நான் ரிட்டயர்டு ஆசிரியர். எங்க தாத்தா காலத்துத் தேக்கு நாற்காலி ஒண்ணு, கைப்பிடி வெச்சது. உக்காந்தா பக்கவாட்டுல அசையுது. தெரிஞ்ச ஒருத்தர் வந்து ரெண்டு மூணு இன்ச் ஆணி அடிச்சுட்டுப் போனார், ஒரு மாசம் நின்னுச்சு, இப்ப முன்னைவிட மோசம், சட்டத்துல விரிசல் வேற. தூக்கிப் போட மனசு வரல. (வாசகர், திருச்சி)

தூக்கிப் போட்டுடாதீங்க சார், அந்தக் காலத்துத் தேக்கு இப்ப காசு குடுத்தாலும் கிடைக்காது. ஆணி அடிச்சவர் மேல எனக்குக் கோவம் இருக்கு, ஆனா அவர் நல்லெண்ணத்துலதான் செஞ்சிருப்பார், ஊர்ல பாதிப் பேர் அப்படித்தான்.

உங்க நாற்காலில காலும் சட்டமும் சேர்ற இடம் எப்படின்னா, சட்டத்தோட நுனியை நாக்கு மாதிரி செதுக்கியிருப்பாங்க, அதுக்குப் பேர் கழுந்து. கால்ல அதுக்கு ஏத்த துளை இருக்கும். கழுந்து துளைக்குள்ள இறுக்கமா போய் உக்காந்து, சுத்தியும் பசை புடிச்சிருக்கும். மரம் மழைக்காலத்துல ஈரம் குடிச்சு அகலவாட்டுல பருக்கும், கத்திரி வெயில்ல சுருங்கும், நீளவாட்டுல கிட்டத்தட்ட ஒண்ணுமே மாறாது. கழுந்துல ரேகை படுக்கையா ஓடுது, கால்ல நட்டமா ஓடுது, ஆக ரெண்டும் வேற வேற திசைல பருத்து சுருங்கி வருஷா வருஷம் ஒண்ணை ஒண்ணு இழுத்துக்கிட்டே இருக்கும், ஒரு நாள் பசை விட்டுடும். அதுக்கு மேல நம்ம ஆளுங்க பின்னங்கால் ரெண்டுல சாஞ்சு ஆடிக்கிட்டே பேப்பர் படிச்சா கேக்கவே வேண்டாம், மொத்த வெயிட்டும் அந்த ஒரு மூட்டுல நெம்புகோல் போட்ட மாதிரி விழும்.

இதுல ஆணி என்ன பண்ணுதுன்னா, கழுந்தைக் குறுக்கால பிளக்குது. ஆணியைச் சுத்தி மரம் கொஞ்சம் கொஞ்சமா தேஞ்சு ஓட்டை பெருசாகுது. உங்க ஒரு மாசக் கணக்கு இதுதான்.

சரி, வேலைக்கு வருவோம். முதல்ல ஆணியைக் குறடால எடுக்கணும், குறடுக்கு அடில ஒரு பலகைத் துண்டு வெச்சுக்கோங்க, இல்லைன்னா தேக்குல பள்ளம் விழும். அப்புறம் எந்த மூட்டு ஆடுதோ அதை மட்டும் கழட்டுங்க, நல்லா இருக்கிற மூட்டைத் தொடவே தொடாதீங்க. கழட்டறதுக்கு முன்னாடி எந்தத் துண்டு எங்கேர்ந்து வந்துச்சுன்னு பென்சில்ல நம்பர் போட்டுடுங்க, சின்ன வயசுல நான் இதை மறந்துட்டு நாலு சட்டத்தையும் மாத்தி மாட்டி அப்பாகிட்ட வாங்கிக் கட்டிக்கிட்டேன்.

இரும்புச் சுத்தியலால அடிக்கக் கூடாது, கொட்டாப்புளி, அதாவது மரச் சுத்தியல், இருந்தா அது, இல்லைன்னா துணி சுத்தின கட்டை. வரலைன்னா அது பசை புடிச்சிருக்கு. தாத்தா காலத்து நாற்காலின்னா பெரும்பாலும் வச்சிரம்தான் போட்டிருப்பாங்க, தோலைக் காய்ச்சி எடுக்கிற பசை, பட்டறைல பழுப்புக் கட்டியா வாங்கி, ஊற வெச்சு, வெந்நீர்ப் பாத்திரத்துக்குள்ள இன்னொரு பாத்திரம் வெச்சு உருக்குவாங்க, அந்த நாத்தம் தெருமுனை வரைக்கும் வரும். வச்சிரம் வெந்நீருக்கு இளகும். துணியைச் சூடான தண்ணில நனைச்சு மூட்டுல கொஞ்ச நேரம் சுத்தி வைங்க, விரலால தொட்டா பிசுபிசுன்னு ஒட்டினா வச்சிரமேதான், அசைச்சு அசைச்சு இழுத்தா வந்துடும். வெள்ளைப் பசையா இருந்தா சுடு வினிகரைத் தடவி கொஞ்ச நேரம் ஊற விடுங்க.

இனிமேதான் முக்கியம், எல்லாரும் சோம்பல்படுற இடமும் இதுதான். பழைய பசையை முழுசா சுரண்டணும். ஃபெவிகால் மரத்துலதான் ஊறிப் பிடிக்கும், காஞ்ச பசை மேல தடவினா சும்மா மேல படர்ந்து காயும், அவ்வளவுதான். கழுந்தை ஒரு பழைய கத்தியாலயும் துளையை உளியாலயும் மெதுவா சுரண்டி மரம் தெரியிற வரைக்கும் கொண்டு வாங்க. உப்புத்தாள் போட்டு ரொம்பத் தேய்ச்சுடாதீங்க, கழுந்து மெலிஞ்சா துளைல லொடலொடன்னு ஆகிடும். அப்புறம் பசை இல்லாம ஒரு தடவை மாட்டிப் பாருங்க. கையால அழுத்தினா உள்ள போகணும், உதறினா விழக் கூடாது, அதுதான் அளவு. இடைவெளி இருந்தா இழைப்புச் சுருள் ஒண்ணு எடுத்து கழுந்து மேல ஒட்டி காய விட்டுட்டு மறுபடியும் பாருங்க. பசையோட மரத்தூளைக் குழைச்சு அடைச்சா போதும்பாங்க, அது ஓட்டை மறைக்கத்தான் ஆகும், வெயிட் தாங்காது.

சட்டத்துல இருக்கிற விரிசலை லேசா விரிச்சு உள்ள பசையை விட்டு அப்பவே கட்டிடுங்க, அது காஞ்சதும் மூட்டுக்கு வாங்க. துளைல சுத்திலும் பசை தடவி, கழுந்துல மெல்லிசா தடவி, சொருகி, இறுக்கணும். கிளாம்ப் வேணும்னு கடைக்கு ஓட வேண்டாம். கயித்தை நாற்காலியைச் சுத்தி ரெண்டு சுத்து கட்டி, நடுவுல ஒரு குச்சியை விட்டு முறுக்குங்க, முறுக்க முறுக்க இறுகும், குச்சியை ஒரு சட்டத்துல முட்டுக் குடுத்து நிறுத்திடுங்க. மூலைல கயிறு பதியாம துணி வைங்க. சைக்கிள் டியூப்பை வெட்டி இழுத்துச் சுத்தினாலும் சரி. பிதுங்கி வர்ற பசையை ஈரத் துணியால அப்பவே தொடைக்கணும், காஞ்சுட்டா அந்த இடத்துல பாலிஷ் ஏறாது, வெள்ளையா திட்டுத் திட்டா நிக்கும். அப்புறம் ஒரு கயித்தால உக்கார்ற சட்டத்துல மூலைக்கு மூலை அளந்து பாருங்க, ரெண்டு குறுக்களவும் ஒண்ணா இருந்தா கோணல் இல்ல. முன்பக்கம் அகலம், பின்பக்கம் குறுகல்னு இருக்கிற நாற்காலிக்கும் இந்தக் கணக்கு சரியா வரும், இடமும் வலமும் ஒண்ணா இருந்தா போதும்.

24 மணி நேரம் யாரும் உக்காரக் கூடாது, அடைமழை நேரம்னா ரெண்டு நாள். எங்க வீட்ல அப்பா இப்படி காய வெச்ச நாற்காலில எல்லாம் ஒரு தண்ணி செம்பை வெச்சுடுவார், "யாரும் உக்காராதீங்க"ன்னு சொன்னா யாராவது உக்காருவாங்க, செம்பு இருந்தா உக்கார மாட்டாங்க.

கழுந்து காலைத் தாண்டி வெளிய எட்டிப் பாக்கிற மாதிரி நாற்காலின்னா அதோட நுனியைப் பிளந்து சின்னதா ஒரு ஆப்பு வைப்பாங்க, கழுந்து உள்ள விரிஞ்சு புடிச்சுக்கும். சினிமாக்காரங்க ஆப்பு வெச்சுட்டான்னா கெட்டது, ஆசாரி ஆப்பு வெச்சா ரொம்ப நல்லது. ஆனா இதை நீங்க முதல் தடவையே தாத்தா நாற்காலில முயற்சி பண்ண வேண்டாம், அதுக்கு ஒரு ஆசாரியைக் கூப்பிடுங்க, ஆணி கொண்டு வராத ஆசாரியா பாத்து.

அக்கா, ரூம்ல தங்கிப் படிக்கிறேன். ஆன்லைன்ல வாங்கின புக் ஷெல்ப், பெட்டில வந்துச்சு, நாங்களே பூட்டினோம். இடதுபக்கமா சாயுது, ஸ்க்ரூ திருகினா இறுகாம சும்மா சுத்திக்கிட்டே இருக்கு. (மாணவர், சென்னை)

ரெண்டு கோளாறு, தம்பி. ஸ்க்ரூ சும்மா சுத்துதுன்னா ஓட்டை தேஞ்சு போச்சு. நிஜ மரமா இருந்தா ஈர்க்குச்சியோ தீக்குச்சியோ பசைல தோய்ச்சு ஓட்டைக்குள்ள நெருக்கமா திணிச்சு, காய விட்டு, ஒடிச்சுட்டு, அதே ஸ்க்ரூவைத் திருகினா கெட்டியா புடிக்கும். மரக்குச்சியா பாத்து எடு, மெழுகுத் தீக்குச்சி வேண்டாம், மெழுகுல பசை ஒட்டாது, இதை நான் பட்டுத் தெரிஞ்சுக்கிட்டேன். ஆனா உன் ஷெல்ப் பார்ட்டிகிள் போர்டு, அதாவது மரத்தூளைப் பசை போட்டு அழுத்தின பலகை, அதுல குச்சி அவ்வளவா நிக்காது. எம்-சீல் ரெண்டு துண்டையும் சம அளவு எடுத்து ஒரே கலர் வர்ற வரைக்கும் பிசைஞ்சு ஓட்டைல அடைச்சு, ஒரு ராத்திரி விட்டுட்டு, சின்னதா ஓட்டை போட்டுத் திருகு. இல்லைன்னா இந்தப் பக்கத்துல இருந்து அந்தப் பக்கம் வரைக்கும் போல்ட் விட்டு ரெண்டு பக்கமும் அகலமா வாஷர் போட்டு இறுக்கிடு, அழகா இருக்காது, ஆனா உன் இன்ஜினியரிங் புக்கெல்லாம் தாங்கும்.

சாயறதுக்கு நிஜமான காரணம் வேற. பின்னாடி மெல்லிசா ஒரு அட்டை வந்திருக்குமே, அதை ஆணி அடிச்சியா? "செவுத்துப் பக்கம்தானே, யார் பாக்கப் போறா"ன்னு விட்டிருப்ப. அந்த அட்டைதான் மொத்த ஷெல்ப்பையும் சாயாம புடிக்குது. நாலு குச்சியைச் சதுரமா கட்டிப் பாரு, தள்ளினா சரிஞ்சுடும், குறுக்கால ஒரு குச்சி கட்டு, அசையாது. கடைங்கள்ல இரும்பு ஆங்கிள் ரேக் பாத்திருப்ப, மூலைல முக்கோணமா தகடு வெச்சு போல்ட் போட்டிருப்பாங்க, அதுவும் இதுக்குத்தான். ஷெல்ப்பை நேரா நிமித்தி, மூலைமட்டம் (மூலை நேரா இருக்கான்னு பாக்கிற எல் வடிவக் கருவி) வெச்சுப் பாத்து, அட்டையைச் சுத்திலும் நெருக்கமா ஆணி அடிச்சுடு. ஆமா, ஆணின்னுதான் சொன்னேன், இந்த ஒரு இடத்துல எனக்கு ஆட்சேபணை இல்ல.

பிளாஸ்டிக் சேர் கால் விரிஞ்சு போகுது, சூடு வெச்சு ஒட்டலாமா? (வாசகி, மதுரை)

வேண்டாம்மா. அது பாலிபுரோப்பிலீன், சாதாரணப் பசை எதுவும் அதுல ஒட்டாது, சூடு வெச்சு ஒட்டினாலும் மறுபடி அதே இடத்துல விடும். வெயில்ல கெடந்து வெளுத்துப்போன சேர் எந்த நிமிஷமும் படக்குன்னு ஒடியும், பெரியவங்க உக்காந்தா இடுப்பு போயிடும். ரெண்டு ஒடஞ்ச சேரை ஒண்ணு மேல ஒண்ணு போட்டு உக்கார்றதை நானும் எல்லாக் கல்யாண மண்டபத்துலயும் பாக்கிறேன், பாத்தும் பாக்காத மாதிரி வந்துடுவேன். பழைய பிளாஸ்டிக் வாங்கறவர்கிட்ட போட்டுடுங்க.

மேஜைக் கால் ஆடுது, தரையில தினமும் மாவு மாதிரி தூள் கொட்டுது. (வாசகர், பட்டுக்கோட்டை)

அது உளுப்பு. வண்டோட புழு உள்ள தின்னுட்டு சின்னச் சின்ன ஓட்டை வழியா தூளைத் தள்ளுது. கரையான்னா பெரும்பாலும் மண்ணு மாதிரி கோடு ஏறியிருக்கும், இப்படி மாவு மாதிரி தூள் கொட்டாது. ஸ்க்ரூ டிரைவர் பின்பக்கத்தால காலைத் தட்டிட்டே வாங்க, டொக்குன்னு கேக்கிற இடம் நல்ல மரம், பொதபொதன்னு கேக்கிற இடம் காலி. நுனியால குத்தினா உள்ள இறங்குச்சுன்னா பசை, ஸ்க்ரூ எதுவும் வேண்டாம், அந்தக் காலையே மாத்திடணும். மேலோட்டமா இருந்தா பூச்சி மருந்தை ஊசி சிரிஞ்சால ஓட்டைக்குள்ள விட்டு மெழுகால அடைச்சுடுங்க, கைக்கு கிளவுஸ் போட்டுக்கிட்டு, ஜன்னலைத் திறந்து வெச்சுக்கிட்டு, குழந்தைங்களை வெளில அனுப்பிட்டு. முக்கியமா அந்த மேஜையை மத்த மரச் சாமான் பக்கத்துல வெக்காதீங்க.

பீரோ கதவு ஒரு பக்கம் தூக்கிக்கிட்டு மூட மாட்டேங்குது. கீலை மாத்தணுமா? (வாசகி, சேலம்)

கீல் மேல பழி போடுறதுக்கு முன்னாடி பீரோவுக்கு அடியில பாருங்க. ஒரு கால் தரையில படலைன்னா தகடு லேசா முறுக்கிக்கும், கதவு தப்பா உக்காரும். துணியெல்லாம் எடுத்துட்டு, ரெண்டு பேர் சேர்ந்து தூக்கி, குறையிற கால்ல ரப்பர் துண்டு வெச்சுப் பாருங்க, முக்கால்வாசி பீரோவுக்கு இதுலயே சரியாகிடும். சின்னப் பசங்க இருக்கிற வீடுன்னா பீரோவோட மேல்முதுகுல ஒரு எல் ஆங்கிள் போட்டு சுவத்தோட சேத்து ஸ்க்ரூ பண்ணிடுங்க, இழுப்பறையைப் படி மாதிரி மிதிச்சு ஏறுற வயசு இருக்கு பாருங்க, அந்த வயசுப் பசங்க மேல பீரோ சாஞ்சா தாங்காது.

ஆன்ட்டி, எங்க ஆயா வீட்ல இருக்கிற முக்காலி மேடு பள்ளத்துலகூட ஆடவே மாட்டேங்குது, ஏன்? (ஏழாம் வகுப்பு மாணவி, திண்டிவனம்)

சூப்பர் கேள்விடா. மூணு புள்ளி எங்க இருந்தாலும் அது வழியா ஒரு சமதளம் போகும், அதனால மூணு காலும் எப்பவும் தரையைத் தொட்டுடும். நாலாவது கால் வந்தாதான் தகராறு. நாலு பென்சில் எடுத்து நட்டமா புடிச்சு மேல அட்டையை வெச்சுப் பாரு, மூணுல நிக்கும், நாலாவதை ஏத்தி இறக்க வேண்டியிருக்கும். ஆனா முக்காலில ஓரமா உக்காராதே, ஆடாது, நேரா கவுத்துடும்.

அக்கா, பேர் போட வேண்டாம். கல்யாணம் ஆகி ரெண்டு மாசம். மாமியார் வீட்டுப் பழைய மரக் கட்டில், புரண்டு படுத்தாலே கிரீச் கிரீச்சுன்னு சத்தம். கூட்டுக் குடும்பம், பக்கத்து ரூம்ல எல்லாரும் இருக்காங்க. மேல எழுத முடியல. (வாசகி, ஈரோடு)

மேல எழுத வேண்டாம்மா, புரிஞ்சுது. சத்தம் வர்றது மரமும் மரமும், இல்ல மரமும் இரும்பும் உரசற இடத்துல. அவரை ஒரு மூலையா உக்கார வெச்சு நீங்க காதை வெச்சுக் கேளுங்க, எந்த மூலைன்னு தெரிஞ்சுடும். மெத்தையைத் தூக்கிட்டு, பக்கச் சட்டம் தலைமாட்டோட சேர்ற போல்ட்டை எல்லாம் ஸ்பேனரால இறுக்குங்க, கைக்கு நின்னதுக்கு அப்புறம் கால் சுத்து போதும், முறுக்கி மரத்தைப் பிளந்துடாதீங்க. கொக்கி போட்டு மாட்டற கட்டில்னா கொக்கியைக் கழட்டி மெழுகுவத்தியை நல்லா தேய்ச்சு மாட்டுங்க. நடுவுல குறுக்குப் பலகை அடுக்கியிருப்பாங்க இல்ல, அதுங்க சட்டத்து மேல உக்கார்ற இடத்துலதான் பாதிச் சத்தம், அங்க பழைய சைக்கிள் டியூப்பையோ கம்பளித் துணியையோ பட்டையா வெட்டி விரிச்சுடுங்க. எண்ணெய் விடாதீங்க, மரம் குடிச்சுட்டு பிசுக்கு ஏறி அழுக்கு சேரும், சத்தமும் திரும்பி வரும்.

எல்லாம் முடிச்சுட்டு பகல்லயே, வீட்ல மிக்சி ஓடாத நேரமா பாத்து, கட்டில் மேல ஏறி ரெண்டு குதி குதிச்சு டெஸ்ட் பண்ணிடுங்க. யாராவது கேட்டா மூட்டைப்பூச்சி பாக்கிறோம்னு சொல்லிக்கலாம்.